கையெழுத்து என்னுடையது, பணம் வாங்கவில்லை என்கிறார்

கேள்வி: கீழக்கரையிலிருந்து, 11 ஜனவரி 2024

2021 ஜூன் 10-ஆம் தேதி என் மச்சானுக்கு 4,00,000 ரூபாய் கடன் கொடுத்தேன். நான் சபுரில், அதாவது வெளிநாட்டில், இருப்பவன். 2,50,000 என் கணக்கிலிருந்து அவர் கணக்குக்குப் போனது. மீதி 1,50,000-ஐ எங்கள் வீட்டில் வைத்து என் அத்தா (தகப்பனார்) ரொக்கமாகக் கொடுத்தார். ரெவின்யூ ஸ்டாம்ப் ஒட்டி, இரண்டு சாட்சிகளோடு, கேட்கும்போது தருவதாக எழுதிய புரோநோட் இருக்கிறது. வட்டி கிடையாது, நாங்கள் வாங்குவதில்லை. இப்போது கேட்டால், "கையெழுத்து என்னுடையதுதான், வெற்றுத்தாளில் போட்டுக் கொடுத்தேன், பணம் வாங்கவில்லை" என்கிறார். புரோநோட் கையில் இருந்தால் கோர்ட்டில் வேறு எதையும் நிரூபிக்க வேண்டாம் என்று இங்கே எல்லோரும் சொல்கிறார்கள். சரிதானே?

12 ஜனவரி 2024

பாதி சரி. மிச்சப் பாதிக்குத்தான் எங்கள் வீட்டில் மூன்றரை வருடம் போனது.

நான் வக்கீல் இல்லை. ஊர் தங்கச்சிமடம். அப்பா விசைப்படகு வைத்திருந்தவர். ஒரு புரோநோட்டுக்காக ராமநாதபுரம் கோர்ட்டில் வழக்குப் போட்டார். கேஸ்கட்டைச் சுமந்து அலைந்தவள் நான். அந்த நோட்டை எழுதியதும் என் கை என்பதால் சாட்சிக் கூண்டிலும் ஏறினேன்.

உங்கள் மச்சான் கையெழுத்தை ஒப்புக்கொள்வது உங்களுக்கு நல்லது. புரோநோட், காசோலை போன்றவற்றுக்கான மாற்றுமுறை ஆவணச் சட்டம் 1881, பிரிவு 118. கையெழுத்து நிலைத்துவிட்டால், பணம் கைமாறியது என்று எடுத்துக்கொண்டுதான் நீதிமன்றம் விசாரணையைத் தொடங்கும். இல்லை என்று காட்டும் பாரம் அவர் தலையில். வெற்றுத்தாள் என்ற பேச்சு மட்டும் அவரைக் காப்பாற்றாது. ஸ்டாம்ப் ஒட்டிய தாளில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தவர், அதை நிரப்பிக்கொள்ளும் அதிகாரத்தையும் சேர்த்தே கொடுத்தவர் ஆகிறார். அது பிரிவு 20.

கையெழுத்தையே மறுத்திருந்தால் கதை வேறு. அதை நீங்கள் நிரூபிக்கும்வரை 118-க்கு அங்கே வேலையே இல்லை.

இனி அந்த மிச்சப் பாதி. 118 தரும் அனுமானம் உடைக்கக்கூடியது. பணம் வாங்கவில்லை என்று அவர் அறுதியிட்டு நிரூபிக்க வேண்டியதில்லை. வாங்கியிருக்க வாய்ப்பு குறைவு என்று நீதிபதிக்குத் தோன்றும்படி செய்தால் போதும். 1999-இல் பாரத் பேரல் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொன்னது. அதற்கு அவர் சாட்சி தேடி அலைய வேண்டியதும் இல்லை. உங்கள் வாயிலிருந்தும் உங்கள் காகிதங்களிலிருந்துமே எடுத்துக்கொள்ளலாம். அப்படித் தோன்றிவிட்டால் பாரம் திரும்ப உங்கள் தலைக்கு வந்துவிடும். அப்போது புரோநோட்டை மட்டும் நீட்டிக்கொண்டு நின்றால் தோற்பீர்கள்.

12 ஜனவரி, இரவு

உங்கள் தேதியை இப்போதுதான் கவனித்தேன். கேட்கும்போது தருவதாக எழுதிய நோட்டுக்கு, வழக்குப் போடுவதற்கான மூன்று வருடக் கெடு நீங்கள் பணத்தைக் கேட்ட நாளிலிருந்து ஓடுவதில்லை. நோட்டின் தேதியிலிருந்து ஓடுகிறது. உங்களுக்கு 2024 ஜூன் 10, திங்கட்கிழமை. நடுவில் மே மாதக் கோடை விடுமுறை வேறு. ஏப்ரலுக்குள் முடியுங்கள்.

15 ஜனவரி 2024

இதைப் படித்த ஒருவர் என் கெடுக் கணக்கைத் திருத்தியிருக்கிறார், ஏற்றுக்கொள்கிறேன். கொரோனாவுக்காக 15.03.2020 முதல் 28.02.2022 வரையான காலத்தைக் கெடுக் கணக்கிலிருந்து உச்ச நீதிமன்றம் நீக்கிவிட்டது. உங்கள் நோட்டு அந்தக் காலத்துக்குள் பிறந்தது. அதன்படி எண்ணினால் 2025 பிப்ரவரி 28 வரை இடமிருக்கிறது.

இருந்தாலும் அதை நம்பி உட்கார வேண்டாம். ஜூன் 10-க்குள் போட்டால் கெடுவைப் பற்றி யாரும் வாயே திறக்க முடியாது. தாண்டினால் அதையும் ஒரு சண்டையாக்குவார்கள். ஏற்கெனவே இருக்கிற சண்டை போதும்.

20 ஜனவரி 2024

அப்பாவின் வழக்கை முழுதாக எழுதச் சொன்னார்கள். நீளமாகப் போகும்.

2011. அப்போது மீன்பிடித் தடைக்காலம் 45 நாள், ஏப்ரல் 15 முதல் மே 29 வரை. 61 நாளானது 2017-இல்தான். தடை முடியப்போகும் வாரத்தில் எங்கள் கரையில் எல்லா வீட்டிலும் பணம் தேடுவார்கள். மராமத்துக் கூலி, பெயின்ட், வலை, எஞ்சின் வேலை, முதல் தொழிலுக்கு டீசல், ஐஸ் என்று எல்லாம் ஒரே வாரத்தில் வந்து நிற்கும். அந்த வருடம் பக்கத்துத் தெருப் படகுக்காரர் ஒருவர் எஞ்சினுக்காக 1,80,000 கேட்டார். அப்பாவோடு ஒரே ஜெட்டியில் படகு கட்டுபவர். மே 27, வெள்ளிக்கிழமை. அப்பா வங்கியிலிருந்து 1,50,000 எடுத்தார். மிச்சம் 30,000 அம்மாவின் கருவாட்டுக் காசு. நூற்றுக்கு ஒரு ரூபாய் வட்டி. எனக்கு வயது 19. புரோநோட் படிவத்தை நான் நிரப்பினேன், அவர் ஸ்டாம்ப் மேல் கையெழுத்துப் போட்டார், இரண்டு பேர் சாட்சிக் கையெழுத்துப் போட்டார்கள்.

2012 நவம்பரில் 10,000 கொண்டுவந்தார். நோட்டின் முதுகில் அப்பா வரவு எழுதி, கீழே அவரிடம் கையெழுத்து வாங்கினார். "பத்தாயிரத்துக்கு எதுக்கு அண்ணே இதெல்லாம்" என்று அவர் கேட்டது நினைவிருக்கிறது. அம்மாவும் தன் நோட்டுப் புத்தகத்தில் குறித்துக்கொண்டார்.

அதோடு பணம் நின்றது. 2015-இல் வக்கீல் நோட்டீஸ் அனுப்பினோம். "இவருக்கும் எனக்கும் எந்தக் காலத்திலும் கொடுக்கல் வாங்கல் இல்லை" என்று பதில் வந்தது. வழக்குப் போட்டதும் எதிர்வழக்குரையில் (வழக்குக்கு அவர் கோர்ட்டில் தந்த எழுத்துப் பதிலில்) வேறு கதை. 2009-இல் இறால் முன்பணத்துக்காக ஒரு வியாபாரியிடம் வெற்றுத்தாளில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தாராம், அது எப்படியோ அப்பா கைக்கு வந்துவிட்டதாம். ஆக முன்பக்கக் கையெழுத்து அவருடையது. முதுகில் இருப்பது போலி என்றார். 2009-இல் கொடுத்த வெற்றுத்தாளின் முதுகில் 2012-இல் அவர் எப்படிக் கையெழுத்துப் போட்டிருக்க முடியும்? அதனால் அதை மறுத்தே ஆக வேண்டிய நிலை அவருக்கு.

அந்த முதுகுக் கையெழுத்துதான் எங்களுக்கும் உயிர்நாடி. அது இல்லாவிட்டால் 2014 மே மாதமே கெடு முடிந்திருக்கும். கெடு முடிவதற்குள் ஒரு தொகை செலுத்தப்பட்டு, செலுத்தியவரே எழுதியோ கையெழுத்திட்டோ ஒப்பியிருந்தால், அந்த நாளிலிருந்து புதிதாக மூன்று வருடம். காலவரையறைச் சட்டம் பிரிவு 19. அப்பா மட்டும் எழுதி அவரிடம் கையெழுத்து வாங்காமல் விட்டிருந்தால் அது செல்லாது.

கையெழுத்தை எதோடு ஒப்பிடுவது? வக்காலத்தில் போட்டதோடு ஒப்பிடலாமே என்று நான் கேட்டேன். எங்கள் வக்கீல் வேண்டாம் என்றார். வழக்கு வந்த பிறகு போடுகிற கையெழுத்தை மனிதர்கள் வேண்டுமென்றே மாற்றிப் போடுவார்கள். பிரச்சினைக்கு முந்திய, அதே காலத்துக் கையெழுத்து வேண்டும். எங்கள் கரையில் அதற்குப் பஞ்சமில்லை. மீனவர் கூட்டுறவுச் சங்கப் பதிவேடு, மானிய டீசல் வாங்கிய காகிதங்கள், தடைக்கால நிவாரணத்துக்குக் கொடுத்த விண்ணப்பம், வங்கியில் இருக்கும் மாதிரிக் கையெழுத்து. சங்கப் பதிவேட்டைச் சம்மன் அனுப்பி வரவழைத்தோம். சாட்சியச் சட்டம் பிரிவு 73-இன்படி நீதிபதியே ஒப்பிட்டுப் பார்க்கலாம், பார்த்தார். மயிலாப்பூரில் இருக்கும் தடய அறிவியல் கூடத்துக்கு அனுப்பச் சொல்லி எதிர்த்தரப்பு கேட்கவும் இல்லை.

விசாரணையில் நாங்கள் தடுமாறிய இடமும் உண்டு. நோட்டு எப்போது எழுதப்பட்டது என்று குறுக்கு விசாரணையில் கேட்டார்கள். அப்பா "காலையில்" என்றார். அடுத்த வாய்தாவில் நான் "விளக்கு வைத்த பிறகு" என்றேன். வங்கியிலிருந்து பணம் வீட்டுக்கு வந்தது காலையில், நோட்டு எழுதியது பொழுது சாய்ந்து. அப்பா மனதில் இரண்டும் ஒன்றாகக் கலந்துவிட்டன. அந்த ஒரு சொல்லை வைத்து அரை மணி நேரம் பேசினார்கள். அன்று பேருந்தில் ஊர் வந்து சேரும்வரை நாங்கள் இருவரும் ஒரு வார்த்தை பேசிக்கொள்ளவில்லை.

21 ஜனவரி 2024

எழுத மறந்தது. எதிர்த்தரப்பு விசாரணையில் அவர், "27.5.2011 அன்று நான் ஊரிலேயே இல்லை, கடலுக்குப் போயிருந்தேன்" என்றார். எங்கள் வக்கீல் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார். "தடைக்காலம் என்றைக்கு முடிந்தது?" அவர் 29 என்று சொல்லிவிட்டுப் பேச்சை நிறுத்திக்கொண்டார். எங்கள் ஜெட்டியில் விசைப்படகு கடலுக்குப் போக வேண்டுமானால் மீன்துறையில் அனுமதிச் சீட்டு வாங்க வேண்டும், தடைக்காலத்தில் அது கிடைக்காது. இதைக் கரையில் பிறந்த குழந்தைக்கும் விளக்க வேண்டாம். எங்களுக்கு ஜெயம் கொடுத்தது இந்தக் கேள்விதான்.

3 பிப்ரவரி 2024

மேலே நான் எழுதியதைத் திருத்துகிறேன். பெட்டியிலிருந்து தீர்ப்பு நகலை எடுத்து மறுபடி படித்தேன். தடைக்கால விஷயம் அதில் ஒரே ஒரு வரி. இத்தனை வருடம் அதுதான் வழக்கைத் திருப்பியது என்று வீட்டில் சொல்லிச் சொல்லி நாங்களே நம்பிவிட்டோம்.

நீதிபதி பக்கம் பக்கமாக எழுதியிருப்பது மூன்று விஷயங்களைப் பற்றி. முதலாவது அப்பாவின் வங்கிப் புத்தகம், அதே தேதியில் 1,50,000 எடுத்த வரி. கடன் கொடுக்கும் வசதி இவருக்கு இருந்ததா என்பதுதான் எதிர்த்தரப்பு வக்கீலின் முக்கியக் கேள்வியாக இருந்தது. இரண்டாவது நோட்டின் முதுகுக் கையெழுத்து. மூன்றாவது, நோட்டீஸுக்குத் தந்த பதிலும் எதிர்வழக்குரையும் ஒன்றையொன்று அடித்துக்கொண்டது. கொடுக்கல் வாங்கலே இல்லை என்றவர் பிறகு வெற்றுத்தாள் கதையை எடுத்தார். காலையா மாலையா என்பதை, ஐந்தாறு வருடம் கழித்துச் சொல்லும்போது இயல்பாக வரும் வேறுபாடு என்று இரண்டு வரியில் முடித்துவிட்டார்.

அம்மாவின் நோட்டுப் புத்தகத்தைப் பற்றியும் இருக்கிறது. கணக்குப் புத்தகம் மட்டுமே ஒருவர் மேல் கடனைச் சுமத்தப் போதாது, வேறு சான்று இருந்தால் அதற்குத் துணையாக நிற்கும் என்று. அதை எங்கள் பக்கத்து நான்காவது சான்றாவணமாக ஏற்றுக்கொண்டார். அந்தப் பக்கத்தில் 2012 நவம்பருக்கு மேலேயும் கீழேயும் நெத்திலி எத்தனை கிலோ, சந்தைக்கு எவ்வளவு போனது என்பதெல்லாம் வரிசையாக இருக்கிறது. வழக்குக்காக எழுதிய பக்கம் இல்லை என்று பார்த்ததும் தெரியும்.

ஆகவே உங்களுக்கு: 2,50,000 வங்கி வழியாகப் போனது பெரிய பலம். அந்தத் தேதிக்கான கணக்கு விவரத்தை வங்கியில் முத்திரையோடு வாங்கி வையுங்கள். ரொக்கமாகக் கொடுத்த 1,50,000 அத்தாவுக்கு எங்கிருந்து வந்தது? அதற்கும் காகிதம் தேடுங்கள். நகை விற்ற ரசீது, வங்கியில் எடுத்த வரி, எதுவானாலும்.

10 பிப்ரவரி 2024

கீழக்கரை அண்ணன், நீங்கள் கேட்ட இரண்டு கேள்விகளுக்கு.

அத்தாவுக்குப் பவர் எழுதிக்கொடுத்தால் உங்களுக்குப் பதிலாக அவரே சாட்சி சொல்லலாமா என்றீர்கள். வழக்கை நடத்தலாம். ஆனால் உங்களுக்கு மட்டும் நேரடியாகத் தெரிந்ததை அவர் உங்களுக்காகச் சொல்ல முடியாது. 2004-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது இது. அவர் கண்ணால் பார்த்ததை, அதாவது தன் கையால் பணம் எண்ணிக் கொடுத்ததையும் நோட்டு எழுதப்பட்டதையும், தன் சொந்தச் சாட்சியாகச் சொல்லலாம். உங்கள் வழக்கில் அவர்தான் முக்கியச் சாட்சி. நீங்களும் விடுப்பு எடுத்துக்கொண்டு ஒருமுறையாவது வந்து ஏறுங்கள். வழக்குப் போட்டவரே கூண்டில் ஏறாமல் இருந்தால், அதை அவருக்கு எதிராகவே எடுத்துக்கொள்வார்கள்.

புரோநோட்டுக்குச் சாட்சிக் கையெழுத்து சட்டப்படி கட்டாயமே இல்லை, நம் பழக்கம். ஆனால் போட்டிருப்பதால், அந்த இருவரில் ஒருவரையாவது ஏற்றுங்கள். எங்கள் சாட்சிகளில் ஒருவர் வழக்கு விசாரணைக்கு வருவதற்குள் இறந்துவிட்டார். இன்னொருவர் இரண்டு வீட்டுக்கும் வேண்டியவர், வரமாட்டேன் என்றார். எழுதியவள் என்ற முறையில் நான் போனதற்குக் காரணம் அதுதான்.

"மச்சான், பணம் வந்துருச்சு" என்று உங்கள் மச்சான் அனுப்பிய வாட்ஸ்அப் செய்தி. பிரமாதமான சான்று. படம் பிடித்து அச்செடுத்துக் கொடுத்தால் மட்டும் ஏற்கமாட்டார்கள். சாட்சியச் சட்டம் 65பி-இன்படி சான்றிதழ் சேர்க்க வேண்டும். அந்தக் கைப்பேசியைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள்.

11 பிப்ரவரி 2024

வட்டியில்லாமல் கொடுத்தது பலவீனமா என்று கேட்டவருக்கு. சட்டத்தில் பலவீனம் இல்லை. விகிதமே எழுதாத நோட்டுக்குச் சட்டம் தானாக ஆண்டுக்கு 18 சதவீதம் தருகிறது, மாற்றுமுறை ஆவணச் சட்டம் பிரிவு 80. நீங்கள் வேண்டாம் என்றால் பிராதில் (வழக்கு மனுவில்) வேண்டாம் என்றே எழுதலாம்.

ஆனால் "இந்தக் காலத்தில் யாராவது 4 லட்சத்தை வட்டியில்லாமல் கொடுப்பார்களா?" என்ற கேள்வி குறுக்கு விசாரணையில் நிச்சயம் வரும். பிராதிலேயே முன்கூட்டிச் சொல்லிவிடுங்கள்: எங்கள் மார்க்கத்தில் வட்டி வாங்குவதில்லை, இவர் எங்கள் வீட்டு மச்சான், இன்ன காரணத்துக்குக் கேட்டார். அத்தா இதற்கு முன் வேறு யாருக்காவது இப்படிக் கொடுத்துத் திரும்ப வாங்கியிருந்தால், அந்தக் கடனை வாங்கியவரும் வந்து சொல்லலாம். கீழக்கரையில் அப்படி ஒருவர் கிடைப்பது கஷ்டமாக இருக்காது.

17 பிப்ரவரி 2024

ஸ்டாம்ப் ஒட்டாத நோட்டுக்கு அபராதம் கட்டினால் போதும் என்று இங்கே ஒருவர் எழுதியிருக்கிறார். தவறு. தயவுசெய்து யாரும் அதை நம்ப வேண்டாம். மற்ற பல ஆவணங்களுக்கு அபராதம் கட்டிச் சரிசெய்யலாம். புரோநோட்டுக்கு அந்த வழி இல்லை, முத்திரைச் சட்டம் 1899 பிரிவு 35. என் சித்தப்பா பள்ளிக்கூட நோட்டுத்தாளில் "60,000 பெற்றுக்கொண்டேன், கேட்கும்போது தருகிறேன்" என்று எழுதி வாங்கினார். கேட்கும்போது தருகிறேன் என்ற சொல் வந்ததும் அது புரோநோட் ஆகிவிட்டது, ஸ்டாம்ப் இல்லாததால் கோர்ட் அதைப் பார்க்கவே மறுத்துவிட்டது. காகிதத்தை விட்டுவிட்டுக் கடன் கொடுத்தேன் என்று மட்டும் கேட்கலாமா என்றால், ஒப்பந்தம் முழுவதும் அந்தக் காகிதத்திலேயே அடங்கியிருந்தால் அதுவும் முடியாது என்று 1938-லேயே சென்னை உயர் நீதிமன்ற முழு அமர்வு சொல்லிவிட்டது. தபால் நிலையத்தில் ஒரு ரூபாய்க்குக் கிடைக்கும் ஸ்டாம்ப். சித்தப்பா அந்த 60,000-ஐச் சேர்த்தது மண்டபம் கரையில் கூலிக்கு வலை இழுத்து.

2 மார்ச் 2024

மோர்ப்பண்ணைப் பக்கமிருந்து ஒருவர் எழுதியிருப்பதை இரண்டு நாளாகத் திரும்பத் திரும்பப் படித்தேன். இவர் கடன் வாங்கியவர். வியாபாரியிடம் முன்பணம் வாங்கும்போது ஸ்டாம்ப் ஒட்டிய வெற்றுத்தாள் மூன்றில் கையெழுத்துப் போட்டாராம். கடனை நண்டிலும் கணவாயிலும் கழித்துவிட்டாராம். தாளைத் திருப்பித் தரவில்லை. இப்போது ஒரு தாளில் 5,00,000 என்று நிரப்பி நோட்டீஸ் வந்திருக்கிறது. என் முதல் பதிவைப் படித்துவிட்டு, "அப்போ நான் செத்தேனா அக்கா" என்று கேட்கிறார்.

இல்லை. கேளுங்கள் தம்பி.

நோட்டீஸுக்குக் கட்டாயம் பதில் கொடுங்கள், அதில் முழு உண்மையையும் சொல்லுங்கள். வாங்கியதை வாங்கினேன் என்றும், கழித்ததைக் கழித்தேன் என்றும். பயத்தில் "கையெழுத்தே என்னுடையதில்லை" என்று மட்டும் எழுதிவிடாதீர்கள். எங்கள் எதிர்த்தரப்பு விழுந்த குழி அதுதான்.

அந்த வியாபாரி கணக்குப் புத்தகம் வைத்திருப்பார். எந்தப் படகு என்றைக்கு எவ்வளவு சரக்கு போட்டது, எவ்வளவு பிடித்தம் என்று அதில் இருக்கும். அதைக் கோர்ட்டில் கொண்டுவரச் சொல்லி மனுப் போடுங்கள். கணக்கு வைத்திருக்கும் வியாபாரி அதை மறைத்தால், பணம் கைமாறியது என்ற அனுமானமே ஆடிப்போகும். 1961-இல் குந்தன்லால் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அந்தத் தேதியில் 5,00,000 ரொக்கம் அவரிடம் எப்படி இருந்தது என்று கேளுங்கள். நீங்கள் சரக்கு போட்ட துண்டுச் சீட்டுகள் ஒன்றுகூட விடாமல் தேடுங்கள். கூடப் போன தொழிலாளிகள் பிடித்தம் நடந்ததைப் பார்த்திருப்பார்கள், அவர்களும் சாட்சிதான். வட்டி கொடுமையாக இருந்திருந்தால் 2003-ஆம் வருடத்துக் கந்துவட்டித் தடைச் சட்டமும் இருக்கிறது.

மையின் வயதைச் சோதித்தால் உண்மை வெளிவரும் என்று எழுதியிருக்கிறீர்கள். அதை நம்பி நாளைக் கழிக்க வேண்டாம். 2010-இல் சென்னை உயர் நீதிமன்றம் தடய அறிவியல் துறை அதிகாரியையே அழைத்துக் கேட்டது. மையின் வயதைச் சொல்லும் வழி அங்கே இல்லை என்றார்.

9 மார்ச் 2024

ஒரு வாரமாக மனதில் உறுத்துவது. பிரிவு 20-ஐயும் 118-ஐயும் முதல் நாள் எவ்வளவு சந்தோஷமாக எழுதினேன். என் அப்பாவைக் காப்பாற்றிய அதே இரண்டு பிரிவுகள்தான் அந்தத் தம்பியின் கழுத்தில் இருக்கின்றன. இந்தக் கரையில் தொண்டி முதல் ஏர்வாடி வரை முன்பணம் வாங்காத படகைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். வெற்றுத்தாளில் கையெழுத்து வாங்குவது தினசரி நடக்கிறது. எங்கள் எதிராளி சொன்ன 2009 கதை பொய். ஆனால் அவர் அந்தப் பொய்யைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம், இங்கே அது பல பேருக்கு உண்மையாகவே நடந்திருப்பதுதான்.

அதனால் வாங்குகிறவர்களுக்கும் சொல்கிறேன். தொகை எழுதாத தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். வேறு வழியில்லாமல் போட நேர்ந்தால், தொகையை உங்கள் கையாலேயே எண்ணிலும் எழுத்திலும் எழுதிவிட்டுப் போடுங்கள், அதன் பிறகு மாற்றினால் நோட்டே செல்லாமல் போகும். கைப்பேசியில் படம் எடுத்து வையுங்கள். அடைக்கும்போது தாளைக் காட்டச் சொல்லிக் கேட்கவும், அடைத்ததும் திருப்பி வாங்கவும் மாற்றுமுறை ஆவணச் சட்டத்திலேயே உங்களுக்கு உரிமை இருக்கிறது, பிரிவு 81. "அப்புறம் தரேன்" என்றால், அடைத்த விவரத்தை எழுதிப் பதிவுத் தபாலில் அன்றைக்கே அனுப்புங்கள். அந்தத் தபால் ரசீது பிறகு பேசும்.

8 ஜூன் 2024

கீழக்கரை அண்ணன் வழக்குப் போட்டாகிவிட்டது என்று எழுதியிருக்கிறார். ஏப்ரலுக்குள் முடிக்கச் சொன்னதை ஜூனில் செய்திருக்கிறார், ஆனாலும் கெடுவுக்குள். கோர்ட் கட்டணம் 12,000, நூற்றுக்கு மூன்று. நாங்கள் 2015-இல் போட்டபோது நூற்றுக்கு ஏழரை. வட்டியோடு 2,60,000 சொச்சத்துக்கு 20,000-க்குக் கொஞ்சம் குறைவாகக் கட்டினோம், அம்மாவின் வளையல் அடகுக்குப் போனது. 2017-இல் குறைத்தார்கள்.

இன்னொரு விதத்திலும் நல்ல நேரம். ஜூலை 1 முதல் 1872-ஆம் வருடச் சாட்சியச் சட்டம் போய், பாரதிய சாக்ஷிய அதிநியம் வருகிறது. அதற்கு முன் போட்ட வழக்குகள் பழைய சட்டப்படியே நடக்கும். ஜூலைக்குப் பிறகு போடுகிறவர்கள் கவனியுங்கள். வாட்ஸ்அப் போன்றவற்றுக்கான சான்றிதழ் இனி இரண்டு பகுதி, இரண்டாவதை ஒரு நிபுணர் தர வேண்டும்.

24 நவம்பர் 2024

டிக்ரி, அதாவது பணத்தைத் தரச் சொல்லும் கோர்ட் உத்தரவு, வாங்கினால் பணம் வந்துவிடுமா என்ற கேள்வி. 2019 பிப்ரவரியில் எங்களுக்கு டிக்ரி. டிக்ரி தேதிவரை 12 சதவீதம், அதற்கப்புறம் 6. அவர் மேல்முறையீடு போகவில்லை. பணமும் தரவில்லை. நிறைவேற்று மனுப் போட்டபோது படகு அவர் பெயரில் இல்லை, வழக்கு நடக்கும்போதே கைமாற்றிவிட்டார். தவணையில் கட்டுகிறேன் என்றார், கொரோனா வந்தது, கடைசித் தவணை 2022-இல். வழக்குப் போடும்போதே, சொத்தைக் கைமாற்றப் போகிறார் என்பதற்கு ஆதாரம் இருந்தால், தீர்ப்புக்கு முன்பே ஜப்தி கேட்கலாம் என்பது எனக்கு அப்போது தெரியாது. அப்பாவுக்கும் தெரியாது.

நடுவில் லோக் அதாலத்தில் (சமரசமாக முடிக்கும் மக்கள் நீதிமன்றத்தில்) பேச ஒருமுறை கூப்பிட்டார்கள். அப்பா மாட்டேன் என்றார். அங்கே முடிந்திருந்தால் கோர்ட் கட்டணம் முழுதும் திரும்பியிருக்கும், மேல்முறையீட்டுப் பயமும் இல்லை. சரியான முடிவா என்று இப்போதும் எனக்குத் தெரியவில்லை. பொய் சொன்னவர் பொய் சொன்னார் என்று ஒரு நீதிபதி எழுத வேண்டும் என்பது அப்பாவுக்குப் பணத்தைவிடப் பெரிதாக இருந்தது.

12 அக்டோபர் 2025

20,000-க்கு மேல் ரொக்கமாகக் கடன் கொடுத்தால் அது செல்லாது என்று கேரள உயர் நீதிமன்றம் இந்த வருடம் ஒரு காசோலை வழக்கில் சொல்லியிருந்தது. அதைப் படித்துவிட்டுக் கீழக்கரை அண்ணன் தூக்கமில்லாமல் எழுதியிருந்தார், அந்த 1,50,000 ரொக்கத்துக்காக. செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அந்தக் கருத்தை ஏற்கவில்லை. வருமான வரிச் சட்டம் 269எஸ்எஸ் மீறினால் அபராதம் உண்டு, அதுவும் வாங்கியவருக்கு. கடன் கடன்தான். நிம்மதியாகத் தூங்குங்கள். அத்தாவின் சாட்சி அடுத்த மாதம் என்றீர்கள். காலையா மாலையா என்று இன்றே ஒருமுறை உட்கார்ந்து பேசிக்கொள்ளுங்கள். சொல்லிக்கொடுக்கச் சொல்லவில்லை, நடந்ததை நினைவுபடுத்திக்கொள்ளத்தான்.

16 நவம்பர் 2025

அம்மாவின் நோட்டுப் புத்தகம் வழக்கோடு கோர்ட்டிலேயே இருந்தது. மேல்முறையீட்டுக் காலம் முடிந்தால் மனுப் போட்டுத் திரும்ப வாங்கலாம் என்பது தெரிந்தும் வருடக் கணக்கில் போகாமல் இருந்துவிட்டேன். அம்மா கேட்டுக்கொண்டே இருந்தார். போன வாரம் ராமேஸ்வரத்தில் ரயிலேறிப் புதுப் பாம்பன் பாலத்தில் ராமநாதபுரம் போய் வாங்கி வந்தேன். புரோநோட்டைத் தரமாட்டார்கள், டிக்ரி நிறைவேறிவிட்டதால் அதற்கு இனி உயிர் இல்லை. நோட்டுப் புத்தகம் கிடைத்தது. அட்டையில் கோர்ட் முத்திரையும் சான்றாவண எண் 4-உம் இருக்கின்றன.

அம்மா முத்திரையைத் தடவிப் பார்த்தார். பிறகு கடைசியாக எழுதிய பக்கத்தைத் திருப்பி, கீழே எத்தனை வரி மிச்சம் இருக்கிறது என்று எண்ணிவிட்டுப் பேனா கேட்டார். அன்றைக்கு நெத்திலிக் கருவாடு பதினோரு கிலோ.